ஆற்றில் போட்ட பொன்: ஆடிட்டர்களுக்குக் கணக்கு கேட்பது யார்?

'ஆற்றில் போட்டுக் குளத்தில் தேடுவது' என்ற பழமொழிக்கு ஊர் நம் விருத்தாசலம். சுந்தரர் இங்கே முதுகுன்றத்தில் 12,000 பொன் பெற்றார், அதை மணிமுத்தாற்றில் போட்டார், திருவாரூர்க் கமலாலயக் குளத்தில் எடுத்தார் என்பது புராணக் கதை. நம்புகிறவர்கள் நம்பட்டும். கதையில் பலரும் கவனிக்காத ஒரு சின்ன விஷயம் உண்டு. பொன்னை ஆற்றில் போடுவதற்கு முன் சுந்தரர் அதில் ஒரு மாதிரித் துண்டை வெட்டி எடுத்து வைத்துக்கொண்டார். மச்சம் என்று அதற்குப் பெயர். கொடுத்தவர் கடவுளே ஆனாலும் சரிபார்க்கக் கையில் ஏதாவது வேண்டும் என்று அந்தப் பக்தருக்கே தோன்றியிருக்கிறது. குளத்தில் எடுத்ததை உரைத்துப் பார்த்தபோது மாற்று குறைந்திருந்ததாம். உரைத்தவர் பிள்ளையார் என்று திருவாரூரில் சொல்வார்கள். மாற்றுரைத்த பிள்ளையார் என்றே அவருக்குப் பெயர். பொன் கொடுத்தவர் அப்பா, தரம் பார்த்தவர் மகன்!

பங்குச் சந்தையில் உள்ள கம்பெனிகளின் கணக்கைச் சரிபார்க்கும் ஆடிட்டர்களைப் பற்றி நூறு ஆண்டுகளாக நடக்கும் விவாதம் எல்லாம் இந்த அப்பா - மகன் பிரச்சினைதான். உரைத்துப் பார்க்கிறவர் யாருடைய ஆள்? அவர் பொய் சொன்னால் அவரைக் கேட்பது யார்?

இதில் நமக்கென்ன?

பங்குச் சந்தை என்றதும் நம் தோழர்கள் பலர், "அது அவர்கள் விளையாட்டு, நமக்கு எதற்கு?" என்று கேட்பார்கள். இரண்டு விஷயங்களைச் சொல்கிறேன்.

2015 ஆகஸ்ட் முதல் தொழிலாளர் வருங்கால வைப்பு நிதி நிறுவனம் தனக்கு வரும் பணத்தில் ஒரு பகுதியை இ.டி.எஃப். எனப்படும் பங்குத் தொகுப்புகள் வழியாகச் சந்தையில் போடுகிறது. முதலில் 5 சதவீதம் என்று தொடங்கி, பிறகு 15 சதவீதம் வரை உயர்த்தினார்கள். நம் ஊர்ப் பெண் ஒருவர் திருப்பூர் பனியன் கம்பெனியில் வேலை பார்த்து, சம்பளத்தில் பி.எஃப். பிடிக்கிறார்கள் என்றால், அவர் கேள்விப்பட்டே இராத கம்பெனிகளின் பங்கில் அவருடைய காசும் இருக்கிறது. இரண்டாவது எல்.ஐ.சி. சேரியில் நான்கு வீட்டுக்கு ஒரு வீட்டில் பாலிசிப் பத்திரம் தகரப் பெட்டிக்குள் இருக்கும். நாட்டின் பெரிய முதலீட்டாளர்களில் எல்.ஐ.சி. முன்வரிசையில் நிற்கிறது. அது போடுகிற பணம் நம் மாதத் தவணையிலிருந்து போவது.

நம் ஊர்ச் சூளையில் ஜாடி வாங்குகிறவர் விரலால் சுண்டிப் பார்த்து வாங்குவார். கணீரென்றால் நல்லது, சத்தம் செத்திருந்தால் உள்ளே விரிசல். கம்பெனிப் பங்கை அப்படிச் சுண்டிப் பார்க்க முடியாது. நமக்காகச் சுண்டிப் பார்த்துச் சொல்கிறவர்தான் ஆடிட்டர். ஆனால் அவருக்குச் சம்பளம் கொடுப்பது ஜாடி விற்கிறவர்.

கணக்கு என்பது அதிகாரம்

நமக்கு இது புதிய பாடம் கிடையாது. பரம்பரைக் கர்ணம் கிராமக் கணக்கை எழுதிய காலம் முழுக்க நம் முன்னோர் அனுபவித்தது இதைத்தான். செங்கல்பட்டு ஆட்சியர் டிரமன்ஹீர் 1891இல் பறையர்களின் நிலை பற்றிக் கொடுத்த அறிக்கையைத் தொடர்ந்து, 1892இல் பஞ்சமி நிலம் வழங்கும் ஆணை வந்தது. ஒடுக்கப்பட்டோரைத் தவிர வேறு யாருக்கும் கைமாறக் கூடாது என்பது அந்த நிலத்தின் நிபந்தனை. ஆணை சென்னைக் கோட்டையில் இருந்தது. அடங்கலும் சிட்டாவும் கர்ணத்தின் வீட்டில் இருந்தன. ஊருக்கு ஊர் அந்த நிலம் எப்படிக் கைவிட்டுப் போனது என்பதை நாம் அறிவோம். எந்தப் பெயர் கணக்கில் ஏறியதோ அவரே உடையவர். ஆண்டுக்கொருமுறை ஜமாபந்தியில் அதிகாரி வந்து கணக்கைப் பார்ப்பார். அவர் பார்த்தது கர்ணம் விரித்துக் காட்டிய புத்தகத்தை. நிலத்தில் நின்றவரை அழைத்துக் கேட்டது அபூர்வம். 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு பரம்பரைக் கிராம அதிகாரிப் பதவிகளை ஒழித்தபோதுதான் அந்தப் புத்தகம் ஒரு குடும்பச் சொத்தாக இருந்த நிலை முடிந்தது.

கணக்கின் அருமையை நம் முன்னோடிகள் அறிந்திருந்தார்கள். இரட்டைமலை சீனிவாசன் 1893இல் 'பறையன்' இதழைத் தொடங்குவதற்கு முன் நீலகிரியில் ஐரோப்பிய வணிக நிறுவனங்களில் கணக்கராக வேலை பார்த்தவர். அம்பேத்கரின் முதல் பெரிய ஆய்வுகள் சாதியைப் பற்றியவை மட்டும் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். 1923இல் வெளிவந்த அவருடைய நூல் ரூபாயின் சிக்கலைப் பற்றியது. 1925இல் வந்தது பிரிட்டிஷ் இந்தியாவின் மாகாண நிதி எப்படி வளர்ந்தது என்பதைப் பற்றியது. வரவு செலவுப் புத்தகத்தைப் படிக்கத் தெரிந்தவர் என்பதால்தான் பிற்காலத்தில் அவர் தணிக்கையைப் பற்றிப் பேசியபோது அதில் அவ்வளவு அழுத்தம் இருந்தது. அதற்கு வருவோம். அதற்கு முன் சென்னைக்குப் போய் வர வேண்டும்.

1906: சென்னையில் விழுந்த வங்கி

1906 அக்டோபர் 22 அன்று சென்னையில் அர்பத்நாட் கம்பெனி கதவை மூடியது. அன்று அது மாகாணத்தின் மிகப் பெரிய வெள்ளைக்கார வணிக நிறுவனங்களில் ஒன்று. வங்கியும் நடத்தியது. சம்பளக்காரர்கள், ஓய்வூதியக்காரர்கள், விதவைகள் என்று ஆயிரக்கணக்கானோர் அதில் பணம் போட்டிருந்தார்கள். அது கூட்டாளிகள் நடத்திய நிறுவனம். வெளியாளைக் கொண்டு கணக்கைத் தணிக்கை செய்து ஊருக்குக் காட்ட வேண்டிய கட்டாயம் அதற்கு இல்லை. வெள்ளைத்தோலும் 'சர்' பட்டமும்தான் உத்தரவாதம். சர் ஜார்ஜ் அர்பத்நாட் மோசடி வழக்கில் 18 மாதக் கடுங்காவல் தண்டனை பெற்றார். அந்த அதிர்ச்சியிலிருந்துதான் 1907இல் வி. கிருஷ்ணசாமி அய்யர் முதலானோர் இந்தியன் வங்கியைத் தொடங்கினார்கள்.

இப்படிப்பட்ட வீழ்ச்சிகளுக்குப் பிறகு சட்டம் மெல்ல நகர்ந்தது. 1913 கம்பெனிச் சட்டம், பொதுமக்களிடம் பங்கு விற்கும் கம்பெனிக்கு அரசுச் சான்றிதழ் பெற்ற தணிக்கையாளர் வேண்டும் என்றது. சான்றிதழ் கொடுக்கும் அதிகாரம் மாகாண அரசுகளிடம் இருந்தது. 1932இல் அது மத்திய அரசிடம் போனது. அரசுக்கு ஆலோசனை சொல்ல இந்தியக் கணக்கியல் வாரியம் வந்தது. அதாவது விடுதலைக்கு முன் ஆடிட்டருக்கு உரிமம் கொடுத்ததும் பறித்ததும் அரசு.

நாடு விடுதலை பெற்றதும் தொழில்காரர்கள் தன்னாட்சி கேட்டார்கள். கிடைத்தது. 1949இல் பட்டயக் கணக்காளர் சட்டம் நிறைவேறி ஜூலை 1 அன்று நடைமுறைக்கு வந்தது. ஐ.சி.ஏ.ஐ. எனப்படும் இந்தியப் பட்டயக் கணக்காளர் நிறுவனம் பிறந்தது. தேர்வு நடத்துவது, உரிமம் கொடுப்பது, விதி வகுப்பது, தப்பு செய்த உறுப்பினரை விசாரிப்பது எல்லாம் அதன் பொறுப்பு. அதன் அவையில் பெரும்பாலோர் உறுப்பினர்களே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பவர்கள்.

தன்னாட்சி கெட்ட வார்த்தை இல்லை. காலனி அரசின் பிடியிலிருந்து விடுபட்ட ஒரு தொழில் தன் காலில் நிற்க நினைத்தது நியாயம். ஆனால் ஊர்ப் பஞ்சாயத்தை அறிந்தவர்களுக்கு இதில் உள்ள ஓட்டை உடனே தெரியும். குற்றம் சாட்டப்பட்டவரும் விசாரிக்கிறவரும் ஒரே கூட்டத்தின் ஆட்கள். நாளைக்கு அவர் ஓட்டு இவருக்கு வேண்டும். பாதிக்கப்பட்டவர் அந்தத் திண்ணைக்கு வெளியே நிற்கிறார். இப்படி நடந்த பஞ்சாயத்தில் சேரிக்காரருக்கு நீதி கிடைத்தது எத்தனை முறை என்று எண்ணிப் பாருங்கள்.

அதே 1949இல் அம்பேத்கர் சொன்னது

பட்டயக் கணக்காளர் சட்டம் நடைமுறைக்கு வர ஒரு மாதம் இருந்தபோது, 1949 மே 30 அன்று, அரசியல் நிர்ணய சபையில் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் பதவி பற்றிய விவாதம் நடந்தது. இன்று நாம் சி.ஏ.ஜி. என்று சொல்லும் பதவி. அம்பேத்கர் எழுந்து பேசினார். அரசியல் சாசனத்தின் மிக முக்கியமான அதிகாரி அநேகமாக இவராகத்தான் இருப்பார் என்றார். நீதித்துறையின் கடமைகளைவிட இவருடைய கடமைகள் முக்கியமானவை என்று தாம் கருதுவதாகவும், நீதித்துறைக்கு இருக்கும் அளவுக்காவது இவருக்குச் சுதந்திரம் வேண்டும் என்றும் வாதிட்டார். தம் ஊழியர்களைத் தாமே நியமிக்கும் அதிகாரம் உச்ச நீதிமன்றத்துக்கு இருக்கிறது, தணிக்கையாளருக்கு இல்லை என்பதைக் குறையாகவே சுட்டிக்காட்டினார்.

கவனியுங்கள். அம்பேத்கரின் கவலை தணிக்கையாளர் நேர்மையானவரா என்பதோடு நிற்கவில்லை. அவருடைய பதவி யார் கையில், சம்பளம் யார் கையில், ஆட்கள் யார் கையில் என்று கேட்டார். நல்லவரைத் தேடுவதைவிட, நல்லவராக இருக்க முடிகிற இடத்தை உண்டாக்குவது முக்கியம் என்பது அவருடைய அரசியலின் அடிநாதம். சாதி இந்துவின் மனமாற்றத்துக்குக் காத்திருக்காமல் சட்டப் பாதுகாப்பைக் கேட்டவர் அல்லவா அவர்.

ஆக ஒரே ஆண்டில் இந்தியா இரண்டு விதமான தணிக்கையை உருவாக்கியது. மக்களின் வரிப்பணத்துக்கு ஒரு சி.ஏ.ஜி. அவரை எளிதில் நீக்க முடியாது. அவருடைய அலுவலர்கள் அரசுத் தேர்வு வழியாக, இட ஒதுக்கீட்டோடு வருகிறார்கள். மக்கள் பங்கு வாங்கும் தனியார் கம்பெனிகளுக்கு இன்னொரு வகை. அங்கே ஆடிட்டரை நியமிப்பது பங்குதாரர் கூட்டம் என்று சட்டம் சொல்லும். கூட்டத்தில் கூடுதல் ஓட்டு கம்பெனி முதலாளி குடும்பத்திடம் இருக்கும். கட்டணமும் அங்கேதான் முடிவாகும். இரண்டாவது வகைக்கு அம்பேத்கரின் கேள்வியைக் கேட்க இந்தியா 69 ஆண்டுகள் எடுத்துக்கொண்டது.

சத்யம்: பொய்யான 5,040 கோடி

2001 இறுதியில் அமெரிக்காவில் என்ரான் கவிழ்ந்தது. அதன் ஆடிட்டர் ஆர்தர் ஆண்டர்சன் என்ற உலகப் பெரும் நிறுவனமும் கூடவே அழிந்தது. அமெரிக்கா 2002இலேயே சட்டம் போட்டு, ஆடிட்டர்களைக் கண்காணிக்கத் தொழிலுக்கு வெளியே ஒரு வாரியம் அமைத்தது. இந்தியாவில் அதே 2002இல் நரேஷ் சந்திரா குழு அறிக்கை கொடுத்தது. 2006 சட்டத் திருத்தத்தில் தர ஆய்வு வாரியம் ஒன்று வந்தது. தண்டிக்கும் அதிகாரம் அதற்கு இல்லை.

2009 ஜனவரி 7 அன்று ஹைதராபாத் சத்யம் கம்ப்யூட்டர்ஸ் தலைவர் ராமலிங்க ராஜு கடிதம் எழுதினார். கம்பெனியின் கணக்கில் ரொக்கமும் வங்கி இருப்பும் 5,361 கோடி ரூபாய் என்று காட்டியிருந்தார்கள். அதில் 5,040 கோடி இல்லவே இல்லை என்று அவரே ஒப்புக்கொண்டார். வங்கியில் எவ்வளவு இருக்கிறது என்று வங்கியிடமே நேராகக் கேட்பது தணிக்கையின் பாலபாடம். சுந்தரரின் மச்சம் மாதிரி. கம்பெனி கொடுத்த காகிதத்தையே நம்பி ஆண்டுக்கு ஆண்டு கையெழுத்துப் போட்டவர்கள் பிரைஸ் வாட்டர்ஹவுஸ் என்ற உலகப் பெயர் பெற்ற நிறுவனத்தின் ஆடிட்டர்கள்.

பிறகு நடந்ததைக் காலக்கணக்காகப் பாருங்கள். சத்யத்தின் பங்கு நியூயார்க்கிலும் விற்பனையில் இருந்ததால் அமெரிக்க அமைப்புகள் விசாரித்தன. 2011 ஏப்ரலில் பிரைஸ் வாட்டர்ஹவுஸின் இந்தியக் கிளைகள் அங்கே மொத்தம் 75 லட்சம் டாலர் கட்டிச் சமரசம் செய்துகொண்டன. இங்கே 2015 ஏப்ரல் 9 அன்று ஹைதராபாத் சிறப்பு நீதிமன்றம் ராஜு உள்ளிட்ட 10 பேருக்கு 7 ஆண்டு சிறை விதித்தது. அவர்களில் இருவர் ஆடிட்டர்கள். மேல்முறையீட்டில் தண்டனை நிறுத்தி வைக்கப்பட்டது. செபி தன் ஆணையைப் பிறப்பித்தது 2018 ஜனவரி 10 அன்று, கடிதம் வந்து 9 ஆண்டுகள் கழித்து. பிரைஸ் வாட்டர்ஹவுஸ் குழும நிறுவனங்கள் 2 ஆண்டுகளுக்குப் பட்டியலிடப்பட்ட கம்பெனிகளைத் தணிக்கை செய்யக் கூடாது என்றது. 2019 செப்டம்பரில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அந்தத் தடையை நீக்கியது. தணிக்கையின் தரத்தைப் பார்ப்பது ஐ.சி.ஏ.ஐ.யின் வேலை, செபியின் வேலை இல்லை என்பது காரணம்.

ஐ.சி.ஏ.ஐ.யாலோ அன்று 1949 சட்டப்படி தனி உறுப்பினர் மீதுதான் நடவடிக்கை எடுக்க முடிந்தது. பெரிய தணிக்கை நிறுவனத்தின் மேல் கைவைக்க வழி இருக்கவில்லை. கேட்க விரும்பிய அமைப்புக்கு அதிகாரம் இல்லை, அதிகாரம் இருந்த அமைப்புக்குச் சட்டத்தில் பிடி இல்லை. பங்கு வாங்கியவர் நடுவில் நின்றார்.

நம் மாவட்டத்துக்கு வந்த நெருப்பு

2013 கம்பெனிச் சட்டத்தின் 132ஆம் பிரிவு இந்த ஓட்டையை அடைக்க எழுதப்பட்டது. என்.எஃப்.ஆர்.ஏ. எனப்படும் தேசிய நிதி அறிக்கை ஆணையம் அமைக்க அது வழி செய்தது. ஆனால் பிரிவு ஏட்டில் தூங்கியது. ஐ.சி.ஏ.ஐ. எதிர்ப்புத் தெரிவித்தது. 2018 பிப்ரவரியில் பஞ்சாப் நேஷனல் வங்கி - நீரவ் மோடி மோசடி வெடித்த பிறகு, மார்ச் 1 அன்று மத்திய அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தது. 2018 அக்டோபர் 1 அன்று ஆணையம் பிறந்தது.

அதே அக்டோபர் 1 அன்று மும்பையில் இன்னொன்று நடந்தது. ஐ.எல்.எஃப்.எஸ். என்ற நிதிக் குழுமத்தின் இயக்குநர் குழுவை மத்திய அரசு தேசியக் கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயத்தின் ஆணையோடு கலைத்தது. பெயர் எங்கோ கேட்டதுபோல் இருக்கிறதா? நம் கடலூர் மாவட்டத்தில் பரங்கிப்பேட்டைப் பக்கம் கடலோரத்தில் 600 மெகாவாட் வீதம் இரண்டு அலகுகளோடு நிற்கும் அனல் மின் நிலையம் இந்தக் குழுமம் கட்டியது. ஐ.எல்.எஃப்.எஸ். தமிழ்நாடு பவர் கம்பெனி என்பது அதன் பெயர். நிலம் எடுத்தபோதும், புகைபோக்கி எழுந்தபோதும் அந்தக் கிராமங்களில் கூட்டம் போட்டோம், மனு கொடுத்தோம். புகையைப் பற்றிப் பேசினோம், மீனைப் பற்றிப் பேசினோம். அந்தக் கம்பெனியின் தாய்க் குழுமம் கடனை அடைக்கக் கடன் வாங்குகிறது என்பதை அன்று மேடையில் யாரும் பேசவில்லை. பேசுவதற்குத் தேவையான தகவலை ஆடிட்டர் அறிக்கை சொல்லியிருக்க வேண்டும்.

குழுமத்தின் மொத்தக் கடன் 90,000 கோடி ரூபாய்க்கு மேல். அதன் மிகப் பெரிய பங்குதாரர் எல்.ஐ.சி., கிட்டத்தட்ட நான்கில் ஒரு பங்கு. அதன் கடன் பத்திரங்களில் தொழிலாளர்களின் வருங்கால வைப்பு நிதிப் பணமும் இருந்தது. 2018 ஆகஸ்ட் வரை தரமதிப்பீட்டு நிறுவனங்கள் மிக உயர்ந்த மூன்று 'ஏ' தரம் கொடுத்திருந்தன. செப்டம்பர் நடுவில் அது 'டி' ஆனது. பணம் திரும்பாது என்று அர்த்தம்.

குழுமத்தின் ஐஃபின் என்ற நிதிக் கம்பெனியைப் பத்து ஆண்டுகள் தணிக்கை செய்தது டிலாய்ட். கடைசி ஆண்டில் கே.பி.எம்.ஜி. வலைப்பின்னலைச் சேர்ந்த பி.எஸ்.ஆர். கூட்டுத் தணிக்கையாளராகச் சேர்ந்தது. புதிதாகப் பிறந்த ஆணையம் கையில் எடுத்த முதல் பெரிய வழக்கு இது. கையெழுத்திட்ட கூட்டாளிகளில் ஒருவருக்கு 2020 ஜூலையில் 25 லட்சம் ரூபாய் அபராதமும் 7 ஆண்டுத் தடையும் விதித்தது. மத்திய அரசு தனியாகக் கம்பெனிச் சட்டம் 140(5) பிரிவின்படி இரண்டு நிறுவனங்களையும் 5 ஆண்டுகள் விலக்கக் கேட்டது. அந்தப் பிரிவில் தீர்ப்பாயம் மோசடிக்கு உடந்தையான ஆடிட்டரை நீக்கலாம். ஆடிட்டர்கள் தரப்பு ஒரு வாதம் வைத்தது. நாங்கள் அந்தப் பணியிலிருந்து விலகிவிட்டோம், விலகியவரை எப்படி நீக்குவீர்கள் என்று. 2020இல் பம்பாய் உயர் நீதிமன்றம் அவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2023 மே 3 அன்று உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. ராஜினாமா செய்வதால் விசாரணையிலிருந்து தப்ப முடியாது என்று தீர்ப்பளித்தது.

ஒரு சட்ட நுணுக்கம் என்று இதைத் தாண்டிப் போக வேண்டாம். வன்கொடுமை வழக்கில் அதிகாரியை இடமாற்றம் செய்து, "அவர் இப்போது இங்கே இல்லை" என்று கோப்பை மூடுவதைப் பார்த்திருக்கிறோம். நாற்காலியை விட்டு எழுந்தாலும் பொறுப்பு கூடவே வரும் என்ற கொள்கை எல்லாருக்கும் பொதுவாக வேண்டும்.

காவலுக்கும் காவல்

இன்று என்.எஃப்.ஆர்.ஏ.யின் எல்லைக்குள் பட்டியலிடப்பட்ட எல்லாக் கம்பெனிகளின் ஆடிட்டர்களும் வருகிறார்கள். வங்கிகள், காப்பீட்டு நிறுவனங்கள், பட்டியலிடப்படாத பெரிய கம்பெனிகள் ஆகியவற்றின் ஆடிட்டர்களும் உண்டு. தானாகவோ மத்திய அரசு கேட்டோ விசாரிக்கலாம். உரிமையியல் நீதிமன்றம் போல ஆவணங்களை வரவழைக்கலாம். தனி ஆடிட்டருக்கு 1 லட்சம் ரூபாய் முதல் அவர் வாங்கிய கட்டணத்தின் 5 மடங்கு வரை அபராதம், தணிக்கை நிறுவனத்துக்குக் கட்டணத்தின் 10 மடங்கு வரை அபராதம், 6 மாதம் முதல் 10 ஆண்டு வரை தடை. அது விசாரணை தொடங்கினால் அதே விஷயத்தில் ஐ.சி.ஏ.ஐ. விசாரிக்க முடியாது. அப்பாவுக்காக மகன் உரைத்துப் பார்க்கும் ஏற்பாடு சட்டத்தில் முதல் முறையாக உடைந்தது.

ஆனாலும் முழு வெற்றி என்று எழுத மாட்டேன். 2025 பிப்ரவரி 7 அன்று டெல்லி உயர் நீதிமன்றம் 132ஆம் பிரிவு செல்லும் என்று தீர்ப்பளித்தது. கூடவே ஆணையம் அனுப்பிய பல நோட்டீஸ்களை ரத்து செய்தது. தணிக்கையில் குறை கண்டுபிடித்து அறிக்கை எழுதியவர்களே பிறகு உட்கார்ந்து தண்டனையும் தீர்மானிப்பது சரியில்லை என்பது நீதிமன்றத்தின் காரணம். பெரிய ஆடிட்டர்கள் தப்பிவிட்டார்கள் என்று கோபப்படுவது எளிது. என் கருத்தில் நாம் இந்தக் காரணத்தை ஆதரிக்க வேண்டும். பிடித்தவரே தீர்ப்பும் எழுதினால் என்ன ஆகும் என்பது காவல் நிலையங்களில் நம் பிள்ளைகள் உடம்பில் எழுதப்பட்ட பாடம். அந்தப் பாதுகாப்பு கோட் போட்டவருக்கும் வேண்டும், கைலி கட்டியவருக்கும் வேண்டும். அரசு செய்ய வேண்டியது ஆணையத்துக்குள் விசாரிக்கும் பிரிவையும் தீர்ப்புச் சொல்லும் பிரிவையும் உண்மையாகப் பிரிப்பது. சட்டமே தனிப் பிரிவுகள் பற்றிப் பேசுகிறது.

பக்கத்து ஊர் நெய்வேலி

விருத்தாசலத்தில் பீங்கான் தொழில் வேர் பிடித்ததற்கே நெய்வேலிச் சுரங்கத்துக் களிமண்தான் காரணம். அந்த என்.எல்.சி. பங்குச் சந்தையில் உள்ள பொதுத்துறைக் கம்பெனி. பொதுமக்கள் கையில் குறைந்தது 10 சதவீதப் பங்கு இருக்க வேண்டும் என்ற செபி விதிக்காக 2013இல் மத்திய அரசு பங்கு விற்க முனைந்தது. தொழிலாளர்கள் வேலை நிறுத்தம் செய்தார்கள். கடைசியில் 3.56 சதவீதத்தைத் தமிழக அரசு நிறுவனங்களே வாங்கின. பங்குச் சந்தை விதி ஒன்று நம் தெருவில் போராட்டமாக வந்து நின்ற நாட்கள் அவை.

அரசுக் கம்பெனி என்பதால் என்.எல்.சி.யின் ஆடிட்டரை நியமிப்பவர் சி.ஏ.ஜி. தணிக்கை முடிந்த பின் கூடுதல் தணிக்கை செய்து கருத்தும் சொல்லலாம். அம்பேத்கரின் 1949 வாதத்தின் ஒரு நிழல் இந்த ஏற்பாட்டில் விழுகிறது. பொதுத்துறைக் கம்பெனி ஆண்டறிக்கையில் பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர் எத்தனை பேர் என்ற விவரமும் வரும். தகவல் உரிமைச் சட்டத்திலும் கேட்கலாம். பரங்கிப்பேட்டை போன்ற தனியார் குழுமத்தில் இந்த மூன்றும் இல்லை. தனியார்மயம் என்றால் இட ஒதுக்கீடு போகும் என்று மட்டும் பேசுகிறோம். நியமிக்கப்பட்ட தணிக்கை போகும், கேட்கும் உரிமை போகும் என்பதையும் சேர்த்துப் பேச வேண்டும்.

இளம் தோழர்கள் செய்யக்கூடியது

பட்டியலிடப்பட்ட எந்தக் கம்பெனியின் ஆண்டறிக்கையும் பங்குச் சந்தை இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கும். 300 பக்கம் இருக்கும். பயப்பட வேண்டாம், இந்த இடங்களைப் பாருங்கள்.

முதலில் ஆடிட்டரின் கருத்து. நிபந்தனையோடு கொடுத்தாரா, கருத்துச் சொல்ல மறுத்தாரா என்பது முதல் பக்கத்திலேயே தெரியும். ஆடிட்டர் பதவிக்காலம் முடியும் முன் விலகியிருந்தால் காரணத்தைத் தேடுங்கள். சூளை சூடாகும்போது முதலில் எழுந்து போகிறவருக்கு ஏதோ தெரியும்.

இரண்டாவது, 2020 ஆடிட்டர் அறிக்கை ஆணைப்படி வரும் இணைப்பு. பி.எஃப்., இ.எஸ்.ஐ. பணத்தைக் கம்பெனி ஒழுங்காகக் கட்டியதா, 6 மாதத்துக்கு மேல் பாக்கி உண்டா என்று ஆடிட்டர் அதில் எழுதியே ஆக வேண்டும். தொழிற்சங்கத் தோழர்களுக்கு இது ஆயுதம். தொழிலாளி கையில் உள்ள பி.எஃப். பாஸ்புக்கையும் இந்த வரியையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள்.

மூன்றாவது, முதல் 1,000 பெரிய கம்பெனிகள் 2022-23 முதல் கட்டாயம் தரும் வணிகப் பொறுப்பு அறிக்கை. அதில் ஊழியர்களில் ஆண் எத்தனை, பெண் எத்தனை, மாற்றுத்திறனாளி எத்தனை என்று கட்டங்கள் உண்டு. சாதிக்குக் கட்டம் இல்லை. அதே அறிக்கையில், கம்பெனியின் சமூக உதவித் திட்டங்களால் பயன் பெற்றவர்களில் நலிந்த பிரிவினர் எத்தனை சதவீதம் என்று சொல்ல ஓர் இடம் இருக்கிறது. உதவி வாங்கும் வரிசையில் நம்மை எண்ணுவார்கள், சம்பளம் வாங்கும் வரிசையில் எண்ண மாட்டார்கள்! எண்ணாததைத் தணிக்கை செய்ய முடியாது. அந்தக் கட்டத்தைக் கேட்டு செபிக்கு எழுதுவது இந்தத் தலைமுறையின் வேலை.

நான்காவது, இந்தத் தொழிலுக்குள் போங்கள். சட்டம் படிக்கச் சொல்கிறோம், ஐ.ஏ.எஸ். எழுதச் சொல்கிறோம். ஆடிட்டர் ஆகு என்று எத்தனை பிள்ளைகளிடம் சொன்னோம்? பயிற்சிக் காலத்தில் கிடைக்கும் சொற்ப உதவித்தொகையில் சென்னையில் வாழ முடியாமல் திரும்பும் பிள்ளைக்கு ஓர் அறை, ஒரு வேளைச் சோறு கொடுக்க நம் அமைப்புகள் முன்வர வேண்டும்.

2005 ஊரக வேலை உறுதிச் சட்டத்தின் 17ஆம் பிரிவு சமூகத் தணிக்கையைக் கொண்டுவந்தது. கிராம சபையில் கணக்கை உரக்கப் படிப்பார்கள். "உன் பெயரில் 40 நாள் சம்பளம் எழுதியிருக்கிறது, வாங்கினாயா?" என்று கேட்பார்கள். வாங்காதவர் எழுந்து நின்று இல்லை என்பார். யாருடைய பெயரில் கணக்கு எழுதப்பட்டதோ அவர் முன்னால் அதைப் படிக்க வேண்டும் என்பதே தணிக்கையின் உயிர். நம் பெண்கள் மரத்தடியில் உட்கார்ந்து பழகிய இந்த முறை மும்பைக் கண்ணாடிக் கட்டடங்களுக்கும் போக வேண்டும். நம் பி.எஃப்.பும் பாலிசியும் அங்கே போய்ச் சேர்ந்து பல ஆண்டுகள் ஆகின்றன. கேள்வி மட்டும் இன்னும் போகவில்லை.

ஜெய் பீம்!